கெஞ்சினாலும் கொடுக்காதீங்க பாஸ்!

மொட்டை மாடி ரூம் – வாராந்தரத் தொடர்

'ஆமை புகுந்த வீடும் அமீனா புகுந்த வீடும் உருப்படாது'ன்னு ஒரு பழமொழி இருக்கு. வாடகை வாங்க மாடிக்கு வரும்போதெல்லாம் எங்க ஹவுஸ் ஓனர் அம்மா இதைச் சொல்லிட்டுத்தான் போவாங்க. அமீனா எங்க ரூமுக்கு இதுவரைக்கும் வரலை. வந்தாலும் தூக்கிட்டுப் போக ஒரு ஓட்டை ஃபேனைத் தவிர ஒண்ணும் இல்லை. ஆனா, ஆமை வந்துடுச்சு மக்களே!

வாராவாரம் படிக்கிறவங்களுக்கு எங்க ரூம் ஜனத்தொகை தெரியும். எப்பவும் பசியோட அலையுற டிபன். உலகத்துல எதைக் கேட்டாலும் 'அது வந்து மச்சி...'ன்னு ஆரம்பிக்கிற புரொபசர். காலேஜ் பஸ்ல நின்னுக்கிட்டே குறட்டை விடுற தூக்கம். அப்புறம் அப்பாவி நான். தூக்கத்தோட பர்த்டேக்கு என்ன கிஃப்ட் வாங்கலாம்னு மூணு பேரும் மண்டையை உடைச்சுக்கிட்டப்போ, 'நாய்னா குரைக்கும், பூனைன்னா ஓடிரும், மீன்னா செத்துரும். ஆமை வாங்குவோம். அவனை மாதிரியே சும்மா கெடக்கும்'னு ஐடியா கொடுத்தது புரொபசர்தான்.

பத்து ரூபா காயினை விடக் கொஞ்சம் பெருசா, பச்சைப் பசேல்னு, கண்ணுக்குப் பின்னாடி ரெண்டு பக்கமும் செவப்பு கோடு போட்டு, செம க்யூட்டா இருந்தது. 'ரெட் இயர்டு ஸ்லைடர்' அதோட பேரு. சொந்த ஊரு அமெரிக்காவுல மிசிசிப்பி ஆத்துப் பக்கம். கடைக்காரர் மூணே மூணு விஷயம் சொன்னார். 'இந்த டப்பாவுல இருக்கிற இறாலை டெய்லி போடுங்க தம்பி, வேற எதுவும் தேவையில்லை. இதே சைஸ்லதான் இருக்கும். ஒரு பிளாஸ்டிக் டப்பா போதும்.'

மூணுமே தப்புன்னு தெரிய எங்களுக்கு எட்டு மாசம் ஆச்சு.

வார்டன் வர்றார்... பராக்!

தண்ணிக்குள்ள இருந்து கழுத்தை மட்டும் நீட்டி, எங்க நாலு பேரையும் மாறி மாறி முறைச்சுப் பார்க்கும். ஹாஸ்டல்ல இருந்தப்போ எங்களை அப்படிப் பார்த்தவர் ஒருத்தர்தான். அதனால 'வார்டன்'னு பேர் வெச்சோம்.

இந்த வார்டன் சரியான சாப்பாட்டு ராமன். ஆள் வர்ற சத்தம் கேட்டாப் போதும், டப்பாவோட ஓரத்துக்கு வந்து ரெண்டு காலையும் பரபரன்னு அடிச்சு, 'அண்ணே... ஒண்ணே ஒண்ணு போடுங்கண்ணே'ன்னு கெஞ்சும். எங்க டிபனுக்கு அடுத்தவன் பசி தாங்காது. காலைல பல்லு விளக்கும்போது ஒரு பிடி, காலேஜ் கிளம்பும்போது ஒரு பிடி, திரும்பி வந்ததும் ஒரு பிடி, நைட் படுக்கும்போது 'குட் நைட்' சொல்லி ஒரு பிடி. எல்லாமே அந்தக் காய்ஞ்ச இறால். அது போக நாங்க சாப்பிடும்போது கொஞ்சம் பரோட்டா, கொஞ்சம் பிஸ்கெட், ஞாயித்துக்கிழமை பிரியாணில இருந்து ஒரு சிக்கன் துண்டு. 'நம்ம வார்டன் எவ்ளோ ஜாலியா சாப்பிடுறார் பாரு'ன்னு எங்களுக்குப் பெருமை வேற.

எட்டாவது மாசம் ஒரு திங்கக்கிழமை காலைல டிபன் இறாலைப் போட்டான். வார்டன் வரலை. மூலையில அப்படியே இருந்தது. கையில எடுத்துப் பார்த்தா ரெண்டு கண்ணும் பட்டாணி மாதிரி வீங்கி மூடியிருந்தது. முதுகுல ஓட்டை லேசா அழுத்தினா மெத்துன்னு உள்ள போச்சு. டிபன் மூஞ்சியை அன்னிக்குப் பார்க்கணுமே... நாலு வேளையும் ஊட்டினவன் அவன்தானே! 'நான் நல்லாத்தானடா பார்த்துக்கிட்டேன்'னு அதையே திரும்பத் திரும்பச் சொல்லிட்டு இருந்தான். ரெண்டு நாளா அவனும் சரியா சாப்பிடலை. டிபன் சாப்பிடலைன்னா மேட்டர் எவ்ளோ சீரியஸ்னு நீங்களே புரிஞ்சுக்கோங்க.

'வேற என்ன போடுறீங்க?'

ஒரு காலி ஐஸ்கிரீம் டப்பாவுல வார்டனை வெச்சு, மூடியில ஓட்டை போட்டு, ஆட்டோல ஏறி கால்நடை டாக்டர்கிட்ட போனோம். டாக்டர் மேடம் முதல்ல ஊசியும் எடுக்கலை, மருந்தும் எழுதலை. ஒரே ஒரு கேள்வி கேட்டாங்க.

'என்னப்பா சாப்பாடு போடுறீங்க?'

'இறால் மேடம்.'

'வேற?'

'அதே இறால்தான் மேடம்... அப்பப்போ பரோட்டா...'

மேடம் கண்ணாடியைக் கழட்டி டேபிள் மேல வெச்சாங்க. 'எட்டு மாசம் உனக்கு மூணு வேளையும் வெறும் கருவாடும் பரோட்டாவும் போட்டா நீ எப்படிப்பா இருப்ப?'ன்னாங்க. நாலு பேரும் தரையைப் பார்த்தோம். செமையான பல்பு!

அப்புறம்தான் பொறுமையா உட்கார வெச்சு விளக்கினாங்க. ஆமைக்குட்டி முட்டையை விட்டு வரும்போதே மஞ்சள் கருவுல இருந்து கொஞ்சம் வைட்டமின் ஏ சேமிப்போட வருமாம். ஊருக்குப் போயிட்டு வரும்போது அம்மா கட்டிக் கொடுக்குற முறுக்கு டப்பா மாதிரி. அது இருக்குற வரைக்கும் நீங்க என்ன தப்பா போட்டாலும் வெளியே தெரியாது. சில மாசத்துல அது காலியாகும். காய்ஞ்ச இறால்ல வைட்டமின் ஏ பேருக்குத்தான் இருக்கு. அது குறைஞ்சா கண்ணுல நீர் சுரக்குற சுரப்பி அடைச்சுக்கிட்டு இமை வீங்கும். கண்ணு திறக்கலைன்னா இரை தெரியாது. இரை தெரியலைன்னா சாப்பிடாது. சாப்பிடலைன்னா இன்னும் வைட்டமின் குறையும். இப்படிச் சுத்திச் சுத்தி கடைசியில ஆள் காலி!

ஓடு மெத்துன்னு ஆனதுக்குக் கதை வேற. ஆமை ஓடுங்கிறது நத்தை கூடு மாதிரி மேல ஒட்டின சமாச்சாரம் இல்லை. அதோட விலா எலும்பும் முதுகெலும்பும் சேர்ந்துதான் ஓடா ஆகியிருக்கு. நாம போடுற சாப்பாட்டுல கால்சியம் இல்லைன்னா, ரத்தத்துக்கு வேணுங்கிற கால்சியத்தை உடம்பு அந்த எலும்புல இருந்தே உருவும். வீட்டுச் செங்கல்லைப் பிடுங்கி அடுப்பு கட்டுற கதை. அதுவும் எலும்பில்லாத சிக்கன் மாதிரி வெறும் கறியில பாஸ்பரஸ் ஏகத்துக்கு இருக்கும், கால்சியம் இருக்காது. பாஸ்பரஸ் ஒரு பங்குன்னா கால்சியம் ரெண்டு பங்கு இருக்கணும்ங்கிறது கணக்கு. நாங்க அதைத் தலைகீழாப் பண்ணி வெச்சிருந்தோம்.

'அப்போ அது அவ்ளோ பசியோட கெஞ்சுச்சே மேடம்?'னு டிபன் பாவமா கேட்டான்.

'அது பசியில கெஞ்சலைப்பா. உன்னைப் பார்த்தா சாப்பாடு வரும்னு கத்துக்கிச்சு, அவ்ளோதான். ஆத்துல அடுத்த இரை எப்ப கிடைக்கும்னு தெரியாது. அதனால கிடைக்கும்போதெல்லாம் சாப்பிடுற மாதிரிதான் அதோட உடம்பு இருக்கு. நீ நூறு தடவை போட்டாலும் நூத்தியோராவது தடவையும் கெஞ்சும். அதோட மூஞ்சியைப் பார்க்காத. உடம்பைப் பாரு'ன்னாங்க.

இந்த ஒரு வரிக்காகத்தான் இந்த வாரக் கட்டுரையே பாஸ்.

வயசு என்ன? பந்தி என்ன?

ஸ்லைடர் ஆமை சைவமா, அசைவமா? ரெண்டும்தான். ஆனா வயசுக்கு ஏத்த மாதிரி மாறும். குட்டியா இருக்கும்போது உடம்பு வளர புரதம் வேணும். அதனால பூச்சி, புழு, குட்டி மீன்னு துரத்தித் துரத்திச் சாப்பிடும். வளர வளர இலை, தழை பக்கம் சாயும். பெரிய ஆமைக்கு தட்டுல பாதிக்கு மேல பச்சையா இருக்கணும். நாம சின்ன வயசுல கீரைன்னா ஓடிட்டு, வயசானப்புறம் டாக்டர் சொல்லி முருங்கைக்கீரை தேடுறோமே, அதே ரூட்டுதான்!

எத்தனை தடவை? ஒரு வயசுக்குள்ள இருக்கிற குட்டிக்கு தினம் ஒரு வேளை. அதுக்கு மேல ஒரு நாள் விட்டு ஒரு நாள். நல்லா வளர்ந்த ஆமைக்கு ரெண்டு, மூணு நாளைக்கு ஒரு தடவை பெல்லட் போதும். இலையை மட்டும் தினமும் போடலாம்.

எவ்வளவு? இதுக்கு மேடம் சொன்னது சூப்பர் ஃபார்முலா. ஆமையோட தலையைப் பாருங்க. கழுத்தை விட்டுட்டு, தலை மட்டும். அது ஒரு காலி டப்பான்னு நெனைச்சா அதுக்குள்ள எவ்வளவு பெல்லட் பிடிக்குமோ, அவ்வளவுதான் ஒரு வேளைக்கு. ஆமை வளர்ந்தா தலையும் வளரும், அளவும் தானா கூடும். தராசும் வேணாம், கால்குலேட்டரும் வேணாம். முதல் நாள் இந்த அளவைப் பார்த்துட்டு டிபன் 'இவ்ளோதானா?'ன்னு கேட்ட சோகத்தை மறக்கவே முடியாது. அவன் கொடுத்துட்டு இருந்தது அதைப் போல பத்து மடங்கு!

அதிகமா போட்டா என்ன ஆகும்? ஆமை குண்டாகும். காலையும் கழுத்தையும் உள்ளே இழுத்துக்கும்போது தொடைப் பக்கம் சதை பிதுங்கி வெளியே நிக்கும். ஓட்டுக்குள்ளயே இடம் பத்தாத நிலைமை. ஓடும் மேடு பள்ளமா வளரும். ஈரலும் கிட்னியும் கெடும். தண்ணியும் சீக்கிரம் நாறும்.

மெஸ்ல என்ன ஸ்பெஷல்?

முதல்ல பெல்லட். டப்பாவைத் திருப்பிப் பாருங்க. உள்ளே வெறும் காய்ஞ்ச இறால்னா அது சாப்பாடு இல்லை, நொறுக்குத் தீனி. நமக்கு மிக்சர் மாதிரி. வாரத்துல ஒரு நாள் ரெண்டு, மூணு போடலாம். கால்சியமும் வைட்டமின்களும் சேர்த்த ஆமை பெல்லட்னு தனியா கிடைக்கும். விலை கொஞ்சம் கூடத்தான். ஆனா தலையளவு கணக்குல போட்டா ஒரு டப்பா ரொம்ப நாள் வரும்.

ரெண்டாவது, பச்சை. இதுல நமக்குச் செலவே இல்லை. செம்பருத்தி இலையும் பூவும் ஏ ஒன். எங்க ஹவுஸ் ஓனர் அம்மா மாடியில தொட்டியில வெச்சிருக்காங்க. இப்போ அவங்களே பறிச்சுக் கொண்டு வந்து போடுறாங்கன்னா நம்புவீங்களா? முசுக்கொட்டை இலை, அதாங்க மல்பெரி, கிடைச்சா அதையும் போடலாம். முருங்கைக்கீரை, கொத்தமல்லித் தழை அப்பப்போ. மாட்டுக்குப் போடுற அசோலா ஒரு பக்கெட்ல போட்டாலே மளமளன்னு வளரும். ஆமைக்கும் அது பிடிக்கும். மீன் கடையில கிடைக்கிற வேலம்பாசியைத் தண்ணியில மிதக்க விட்டா, வேணுங்கிறப்போ கடிச்சுக்கும். ஆனா ஒண்ணு, கூவம், பக்கிங்ஹாம் கால்வாய் ஓரத்துல செழிப்பா மிதக்குதேன்னு அள்ளிட்டு வந்துடாதீங்க. அந்தத் தண்ணியில இருக்கிற விஷமெல்லாம் அந்தச் செடியிலயும் இருக்கும்.

மூணாவது, வைட்டமின் ஏ. பரங்கிக்காய், கேரட், சர்க்கரைவள்ளிக் கிழங்கு. நிறம் ஆரஞ்சுன்னா நம்ம ஆளு! கேரட்டையும் பரங்கியையும் துருவிப் போடணும், கிழங்கை லேசா வேகவெச்சு மசிக்கணும். முதல்ல சீண்டாது. பிடிவாதமா இருங்க. வார்டன் ரெண்டு வாரம் முகத்தைத் திருப்பிக்கிட்டார். செவப்பு, மஞ்சள்னா ஆமைக்கு ஒரு கிக்கு. அதனால செம்பருத்திப் பூவோட சேர்த்து மிதக்க விட்டோம். பூவைக் கடிச்சவர் அப்படியே பரங்கியையும் கடிச்சார். அன்னிக்கு ரூம்ல விசில் பறந்தது!

நாலாவது, உயிருள்ள அயிட்டம். மருந்து அடிக்காத மண்ணுல எடுத்த மண்புழு, எலும்போட முழுசா சாப்பிடுற மாதிரி கப்பி மாதிரி குட்டி மீன். வாரம் ஒரு தடவை போதும். கோல்டு ஃபிஷ் வேணாம். அதுல இருக்கிற ஒரு என்சைம் வைட்டமின் பி ஒண்ணை அழிச்சுரும்.

அஞ்சாவது, கால்சியம். இதுக்கு நாட்டு மருந்துக் கடைக்குப் போங்க. 'கடல் நுரை' கொடுங்கன்னு கேளுங்க. பேருதான் நுரை, உண்மையில அது கணவாய் மீனுக்குள்ள இருக்கிற ஓடு. வெள்ளை வெளேர்னு லேசா இருக்கும். பின்னாடி இருக்கிற கெட்டியான பட்டையைச் சீவி எடுத்துட்டு, உடைச்சு ஒரு துண்டைத் தண்ணியில போட்டுருங்க. வேணுங்கிறப்போ ஆமை கொறிச்சுக்கும். பெட் ஷாப்ல இதையே கவர்ல போட்டு பல மடங்கு விலைக்கு விக்கிறாங்க.

நோ என்ட்ரி!

பரோட்டா, பிரெட், பிஸ்கெட், சோறு, சிப்ஸ், பால், பன்னீர்... எதுவும் கூடாது. பாலைச் செரிக்கிற சங்கதி ஆமை உடம்புலயே கிடையாது. உப்பு, காரம், மசாலா போட்ட கறிக்கும் தடா. நாய் பிஸ்கெட், பூனை சாப்பாடு வேணாம். எலும்பில்லாத சிக்கனை மெயின் மீல்ஸ் ஆக்காதீங்க.

கீரைன்னு சொன்னதும் மார்க்கெட்ல கண்ணுல படுற கட்டையெல்லாம் வாங்கிடாதீங்க. பாலக், சிறுகீரை, தண்டுக்கீரை இதுல ஆக்சலேட் ஜாஸ்தி. அது கால்சியத்தைப் பிடிச்சு வெச்சுக்கும், உடம்புல சேர விடாது. எப்பவாவது ஒரு இலைன்னா தப்பில்லை, தினமும் வேணாம். முட்டைகோஸும் அப்படித்தான், தினமும் போட்டா தைராய்டைத் தொந்தரவு பண்ணும். பழம்? மாம்பழமோ பப்பாளியோ மாசத்துல ஒரு நாள், ஒரு சின்னத் துண்டு. அதுக்கு மேல சர்க்கரை தாங்காது.

சாப்பாடு மட்டும் போதாது

இதுதான் எங்களுக்குப் பெரிய ஷாக். எவ்ளோ கால்சியம் கொட்டினாலும் வெயில் இல்லைன்னா வேஸ்ட். வெயில்ல இருக்கிற 'யு.வி.பி' கதிர் பட்டாத்தான் தோல்ல வைட்டமின் டி உருவாகும். அது இருந்தாத்தான் கால்சியம் உடம்புல ஒட்டும். 'நாங்க ஜன்னல் ஓரத்துலதானே மேடம் வெச்சிருந்தோம்'னான் புரொபசர். கண்ணாடி அந்தக் கதிரைப் பெரும்பாலும் தடுத்துருமாம். ஜன்னல் ஓர வெயில் வெளிச்சத்துக்கு ஓகே, எலும்புக்கு இல்லை!

அதனால இப்போ காலைல எட்டு மணி வெயில்ல, அகலமான ஒரு டப்பில பாதி நிழல், கொஞ்சம் தண்ணி, ஏறி உட்கார ஒரு செங்கல் வெச்சு அரை மணி நேரம் மாடியில விடுறோம். யாராவது ஒருத்தர் பக்கத்துல இருந்தே ஆகணும். காக்கா, பருந்து, பூனை எல்லாத்துக்கும் வார்டன் மேல ஒரு கண்ணு. கண்ணாடித் தொட்டியை அப்படியே வெயில்ல வெச்சுராதீங்க. நம்ம ஊரு வெயிலுக்கு அது குக்கர் ஆயிடும். வெயிலே கிடைக்காத ரூம்னா, யு.வி.பி பல்புன்னு தனியா விக்கிறாங்க, அதைத்தான் வாங்கணும். சாதாரண பல்பு உதவாது.

இன்னொண்ணு, ஆமைக்கு உடம்புச் சூடு வெளியில இருந்துதான் வரணும். சூடு இருந்தாத்தான் செரிக்கும். ஏ.சி ரூம்ல ஜில்லுனு வெச்சுட்டு வயிறு முட்டப் போட்டா உள்ளயே கெட்டுப் போகும். அப்புறம், ஸ்லைடர் தண்ணிக்குள்ளதான் முழுங்கும். தரையில போட்டுட்டு 'சாப்பிட மாட்டேங்குது'ன்னு அழக் கூடாது. சாப்பிட்டு முடிச்சதும் மீதியை எடுத்துருங்க. தண்ணியும் தாராளமா வேணும். ஓட்டோட நீளத்துல ஒவ்வொரு இஞ்சுக்கும் நாப்பது லிட்டர்னு ஒரு கணக்கு இருக்கு. பிளாஸ்டிக் டப்பா எந்த மூலைக்கு?

வார்டனோட வார மெனு (ரூம் கதவுல ஒட்டியது)

திங்கள்: பெல்லட், ஒரு தலையளவு. செம்பருத்தி இலை.

செவ்வாய்: அசோலா, வேலம்பாசி மட்டும்.

புதன்: பெல்லட். துருவின பரங்கிக்காய்.

வியாழன்: முருங்கைக்கீரை ஒரு கொத்து.

வெள்ளி: பெல்லட். கேரட் துருவல், செம்பருத்திப் பூ.

சனி: மண்புழு ரெண்டு, இல்லைன்னா ஒரு குட்டி மீன்.

ஞாயிறு: இலை மட்டும். கெஞ்சினால் கண்டுகொள்ளக் கூடாது. முக்கியமா டிபன்!

கடைசி வரியைப் புரொபசர் செவப்பு ஸ்கெட்ச்ல அண்டர்லைன் பண்ணியிருக்கான். இது ஒன்றரை வயசு ஆமைக்கான மெனு. உங்க ஆமைக்கு வயசும் சைஸும் பார்த்து மாத்திக்கோங்க. கண்ணு வீங்கினாலோ, ஓடு மெத்துன்னு இருந்தாலோ மெனுவை மாத்திட்டு உட்கார்ந்துடாதீங்க, டாக்டர்கிட்ட ஓடுங்க. கண்ணு வீக்கத்துக்கு அழுக்குத் தண்ணி, இன்ஃபெக்ஷன்னு வேற காரணமும் இருக்கலாம். கடையில யாரோ சொன்னாங்கன்னு வைட்டமின் ஏ மருந்தை நீங்களே போடுறதும் டேஞ்சர். அது அளவு மீறினா தோலே உரிஞ்சு வரும். சென்னைல வேப்பேரி, அப்புறம் நாமக்கல், ஒரத்தநாடு, திருநெல்வேலின்னு அரசு கால்நடை மருத்துவக் கல்லூரிகள் இருக்கு. உங்க பக்கத்துல எதுவோ, அங்கே விசாரிங்க.

ஆமையைத் தொட்டா சோப்பு போட்டுக் கை கழுவுங்க. சால்மோனெல்லா கிருமி ஆமை மேல இருக்கும், அதுக்கு ஒண்ணும் பண்ணாது, நமக்கு வயித்தைக் கலக்கிரும். குழந்தைங்க வாயில வெச்சுக்கிட்டு நோய் வந்ததாலதான் அமெரிக்காவுல 1975ல நாலு இஞ்சுக்குக் குறைவான ஆமைக்குட்டியை விக்கவே தடை போட்டாங்க. வார்டன் டப்பாவை எங்க சாப்பாட்டுத் தட்டு கழுவுற இடத்துல கழுவக் கூடாதுன்னு அதுல இருந்து புது ரூல்!

வாங்கப் போறீங்களா? ஒரு நிமிஷம்!

படிச்சுட்டு 'எனக்கும் ஒண்ணு வேணும்'னு கிளம்பினீங்கன்னா, நில்லுங்க பாஸ். காயின் சைஸ்ல வர்றது, பெண் ஆமைன்னா ஒரு அடி நீளம் வரைக்கும் வளரும். இருபது, முப்பது வருஷம் இருக்கும். நீங்க டிகிரி முடிச்சு, அரியர் முடிச்சு, கல்யாணம் முடிச்சு, உங்க பசங்க காலேஜ் சேரும்போதும் அது பரங்கிக்காய் கேட்கும்.

வளர்க்க முடியலைன்னு கோயில் குளத்துலயோ காலேஜ் குட்டையிலயோ விடுறது புண்ணியம் இல்லை, பாவம். உலகத்தோட நூறு மோசமான அந்நிய ஊடுருவிகள் லிஸ்ட்ல இதுவும் ஒண்ணு. நம்ம ஊரு ஆமையோட சாப்பாட்டையும் வெயில் காயுற இடத்தையும் பிடுங்கிக்கும். ஐரோப்பிய யூனியன் 1997லயே இதை இறக்குமதி பண்ணத் தடை போட்டது. ஜப்பான்ல 2023 ஜூன்ல இருந்து இதை விக்கவும் வெளியில விடவும் தடை.

'அப்போ நம்ம ஊரு ஆமையையே வளர்ப்போமே'ன்னு யோசிக்கிறவங்களுக்கு: நட்சத்திர ஆமை, பாலாமை எல்லாம் வனஉயிரினப் பாதுகாப்புச் சட்டத்துல முதல் அட்டவணையில இருக்கு. வீட்டுல வெச்சிருந்தா மூணுல இருந்து ஏழு வருஷம் ஜெயில், குறைஞ்சது 25,000 ரூபா அபராதம். அப்புறம் பழமொழியில சொன்ன மாதிரி அமீனா என்ன, போலீஸே வரும்!

இப்போ வார்டன் எப்படி இருக்கார்?

ஒரு வாரம் ட்ரீட்மென்ட். பதினோராவது நாள் ஒரு கண்ணு, ரெண்டு நாள் கழிச்சு இன்னொரு கண்ணு திறந்தது. திறந்ததும் முதல்ல யாரைப் பார்த்து முறைச்சுதுன்னு நினைக்கிறீங்க? டிபனைத்தான். அவன் பாத்ரூம் போயிட்டு வந்தான், கண்ணு செவந்திருந்தது. நாங்க யாரும் கேட்டுக்கலை.

ஓடு மறுபடியும் கெட்டியாயிடுச்சு. ஆனா நடுவுல ஒரு மேடு இருக்கு, அது போகாதாம். புதுசா வளர்ற ஓரம் மட்டும் வழவழன்னு அழகா இருக்கு. நாங்க எந்த எட்டு மாசம் தப்பா ஊட்டினோம், எப்போ திருந்தினோம்னு அதோட முதுகுலயே எழுதியிருக்கு. அட்டெண்டன்ஸ் ரெஜிஸ்டரைத் திருத்தலாம், இதைத் திருத்த முடியாது.

அடுத்த ஏப்ரல்ல எங்க கோர்ஸ் முடியுது. ரூமைக் காலி பண்ணணும். வார்டன் யாரோட போறார்னு ஒரு நாள் நைட் பேசினோம். தூக்கத்துக்குத்தான் கிஃப்ட், ஆனா அவனே 'டிபன் எடுத்துட்டுப் போகட்டும்டா'ன்னான். டிபன் அப்பவே கும்பகோணத்துல இருக்கிற அவங்க அம்மாவுக்குப் போன் போட்டான். ஆமை, அமீனான்னு ஒரு பாட்டு வரும்னு எல்லாரும் காதைத் தீட்டிக்கிட்டு இருந்தோம். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம் அம்மா ஒரே ஒரு கேள்வி கேட்டாங்க.

'சரி, கொண்டு வா. அது என்னடா சாப்பிடும்?'

டிபன் எழுந்து போய் கதவுல ஒட்டியிருந்த மெனுவைப் பார்த்து, திங்கள்ல இருந்து ஒவ்வொரு நாளா வாசிக்க ஆரம்பிச்சான். 'எழுதிக்கம்மா... முதல்ல எவ்வளவுன்னா, தலையளவு. கெஞ்சும். கெஞ்சினா கொடுத்துடாதம்மா...'

அடுத்த வாரம்: ஃபேர்வெல் பார்ட்டிக்கு வசூல் பண்ணப் போய் வாங்கிக் கட்டிக்கிட்ட கதை. பை பை!